தேன் வெண்ணெய்: யார் வீட்டு ‘அறை வெப்பநிலை’?

மேடவாக்கத்தில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பு. சித்திரை மாத ஞாயிற்றுக்கிழமை, காலை பதினோரு மணி. சமையலறை மேடையில் ஒரு கிண்ணம். அதற்குள் மஞ்சளாக ஏதோ ஒரு குழம்பு. மேலே எண்ணெய் மிதக்கிறது, அடியில் தேன் தங்கி நிற்கிறது. கையில் பீட்டரோடு அதையே பார்த்துக்கொண்டு நிற்கிறார் அந்த வீட்டு மருமகள்.

ஆறு வயது மகன், நண்பனின் பிறந்தநாள் விருந்தில் சூடான பன்னோடு தேன் வெண்ணெய் சாப்பிட்டுவிட்டு வந்ததிலிருந்து ஒரு வாரமாக நச்சரிப்பு. வீடியோவில் பார்த்தால் மூன்று நிமிட வேலை. ‘அறை வெப்பநிலையில் இருக்கும் வெண்ணெய், தேன், ஒரு சிட்டிகை உப்பு. நன்றாக அடிக்கவும்.’ அவ்வளவுதான். காலை எட்டு மணிக்கே ஃப்ரிட்ஜிலிருந்து வெண்ணெயை எடுத்து வெளியே வைத்து, அடித்து அடித்துக் கை வலித்ததுதான் மிச்சம். இருநூறு கிராம் வெண்ணெயும், அதைவிட விலை கூடிய தேனும் வீண்.

பின்னாலிருந்து ஒரு குரல். ஊத்துக்குளியிலிருந்து பேத்தியைப் பார்க்க வந்திருக்கும் மாமியார்.

“ஏங்கண்ணு, வெண்ணெய இந்த வெயில்ல மூணு மணி நேரம் வெளிய வெச்சா அது வெண்ணெயா இருக்குமா?”

“ரூம் டெம்பரேச்சர்லதான் இருக்கணும்னு போட்டிருந்தாங்க அத்தை...”

“எந்த ஊரு ரூம்புல?”

மாமியார் கேட்டதுதான் சரியான கேள்வி.

தேன் வெண்ணெய் அமெரிக்காவில் சாதாரணமான பொருள். உணவகங்களில் சூடான ரொட்டியோடும், தென் மாநிலங்களில் மக்காச்சோள மாவில் செய்யும் கார்ன்பிரெட்டோடும் சின்னக் கிண்ணத்தில் வைத்துத் தருவார்கள். தென் கொரியாவில் 2014-ல் தேன் வெண்ணெய் சுவையில் உருளைக்கிழங்கு சிப்ஸ் ஒன்று அறிமுகமானபோது, கடைகளில் சரக்கு தீர்ந்து ஜனங்கள் பாக்கெட்டைத் தேடி அலைந்த கதையும் உண்டு. அந்தச் சுவை இப்போது நம் ஊர் கஃபேக்களுக்கும் வந்துவிட்டது. வெண்ணெயும் தேனும் நமக்குப் புதிதல்ல. சேர்த்து அடித்து, காற்றோட்டமாக நுரைக்கவைப்பதுதான் புதிது.

அந்தச் சமையல் குறிப்புகளை எழுதுகிறவர்களின் வீட்டில் ‘அறை வெப்பநிலை’ என்றால் சுமார் 20 டிகிரி செல்சியஸ். நம் வீட்டில் சித்திரை, வைகாசியில் சமையலறை 34, 35 டிகிரியைச் சர்வசாதாரணமாகத் தொடும். இந்தப் பதினைந்து டிகிரி வித்தியாசத்தில்தான் காரியம் கெடுகிறது.

பால் கொழுப்பு, பனிக்கட்டி மாதிரி ஒரே வெப்பநிலையில் பட்டென்று உருகும் பொருள் கிடையாது. பல வகைக் கொழுப்புகள் கலந்தது அது. சில வகை ஃப்ரிட்ஜுக்குள்ளேயே இளகலாக இருக்கும். சில வகை, வெயில் நன்றாக ஏறினால்தான் உருகும். 32 முதல் 35 டிகிரிக்குள் ஏறக்குறைய எல்லாமே உருகி எண்ணெயாகிவிடும். 18 டிகிரி பக்கத்தில் இருக்கும்போது பாதி இறுகியும் பாதி இளகியும் நிற்கும். அடிப்பதற்கு ஏற்ற பக்குவம் அதுதான்.

பீட்டரால் அடிக்கும்போது உள்ளே புகும் காற்றுக் குமிழ்களைப் பிடித்து நிறுத்துவது, இன்னும் உருகாமல் இருக்கும் நுண்ணிய கொழுப்புத் துகள்கள். அவை இருந்தால் வெண்ணெய் உப்பும், நிறம் வெளுக்கும், பஞ்சு போலாகும். எல்லாம் உருகிவிட்டால் காற்றைப் பிடிக்க ஆளில்லை. மணிக்கணக்கில் அடித்தாலும் எண்ணெய் எண்ணெயாகத்தான் இருக்கும். தேன் கொழுப்பில் கரையாது. வெண்ணெய் கெட்டியாக இருந்தால் அதற்குள் சின்னச் சின்னத் துளிகளாகச் சிக்கி நிற்கும். உருகியிருந்தால், கனமான பொருள் என்பதால் நேராக அடிக்குப் போய்விடும். மேடவாக்கத்துக் கிண்ணத்தில் நடந்தது இதுதான்.

“ஃப்ரிட்ஜ்ல வெச்சு எடுத்தா சரியாயிடுமா அத்தை?”

“இறுகும். ஆனா மணல் மணலா இருக்கும் பாரு.”

உண்மைதான். முழுதாக உருகிய வெண்ணெய் மெல்ல ஆறும்போது கொழுப்பு பெரிய பெரிய மணிகளாகக் கட்டும். நெய் மணல் மணலாக இருந்தால் ரசிக்கிறோம். பன்னில் தடவும் வெண்ணெயில் அது நாக்கில் நெருடும். அப்படிக் கெட்டுப்போனதைக் காய்ச்சி நெய்யாக்கிவிடலாம் என்றும் நினைக்க வேண்டாம். தேனில் உள்ள சர்க்கரை அடிப்பிடித்துக் கருகிவிடும். பிரெட் டோஸ்ட் மேல் தடவியோ, கேக் மாவில் சேர்த்தோ தீர்த்துவிடுவது உத்தமம்.

அன்று சாயங்காலம் மாமியார் தன் கதையைச் சொன்னார். ஈரோட்டுக்கும் திருப்பூருக்கும் நடுவில் இருக்கும் ஊத்துக்குளி, வெண்ணெய்க்குப் பேர்போன ஊர். எருமைப் பாலில் எடுக்கும் வெள்ளை வெளேரென்ற வெண்ணெய். பசுவின் பாலில் கொழுப்போடு சேர்ந்து வரும் மஞ்சள் நிறமி எருமைப் பாலில் இல்லாததால் அந்த வெண்மை. கொழுப்பும் அதிகம். பசும்பாலில் நாலு சதவீதத்தை ஒட்டி இருக்கும் என்றால், எருமைப் பாலில் ஏழு சதவீதம் வரை போகும்.

“எங்கம்மா விடியறதுக்கு முந்தி எந்திரிச்சு மோர் சிலுப்புவாங்க. நாலரை, அஞ்சு மணிக்கெல்லாம் மத்துச் சத்தம் கேக்கும். வெயில் ஏறுனதுக்கப்புறம் தயிர்ல கைய வெக்கவே மாட்டாங்க. கோடைல மம்பானைத் தண்ணி ஊத்திச் சிலுப்புவாங்க. மார்கழின்னா வெதுவெதுன்னு கொஞ்சம் சுடுதண்ணி.”

அதிகாலையில் கடைவது சாஸ்திரத்துக்காக என்று நினைத்தவர்கள் உண்டு. அதில் முழுக்க முழுக்க வெப்பநிலைக் கணக்கு இருக்கிறது. பால் பண்ணைகளில் கிரீமைச் சுமார் 10 முதல் 14 டிகிரி வரை குளிரவைத்துத்தான் கடைகிறார்கள். அதற்கு மேல் போனால் வெண்ணெய் திரளாமல் கொழகொழவென்று மோரிலேயே தங்கிவிடும். ரொம்பவும் குளிர்ந்தால் எவ்வளவு கடைந்தாலும் திரளாது. கோடையில் பானைத் தண்ணீர், குளிரில் வெதுவெதுப்பான நீர் என்று தெர்மாமீட்டர் இல்லாமலே அந்த அம்மா அதைச் சரிசெய்திருக்கிறார். அமெரிக்க வீடியோவில் விட்டுப்போன வரி ஊத்துக்குளி அடுக்களையில் இருந்தது!

மறு ஞாயிறு இன்னொரு முறை என்று முடிவானது. இந்த முறை வெண்ணெயும் வீட்டிலேயே. ஒரு வாரம் பாலாடை சேர்ந்தது.

வீட்டு வெண்ணெய்க்கு முக்கியம் பால்தான். கொழுப்பு 6 சதவீதம் உள்ள ஃபுல் கிரீம் பால் நல்லது. பாக்கெட்டில் ‘ஹோமோஜினைஸ்டு’ என்று எழுதியிருந்தால் அதில் ஏடு சரியாகக் கட்டாது. கொழுப்பைப் பொடிப்பொடியாக உடைத்துப் பால் முழுக்கக் கலந்திருப்பார்கள். பாலைக் காய்ச்சி ஆறவைத்து, ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுநாள் கெட்டியாக ஏடு நிற்கும். தினமும் அதை எடுத்து ஒரு டப்பாவில் போட்டு ஃப்ரீசரில் வையுங்கள். வெறும் ஃப்ரிட்ஜில் ஏழு நாள் வைத்தால் கசப்பு தட்டும். நிறைய வீடுகளில் வெண்ணெய் நாற்றமடிப்பதற்கு இதுதான் காரணம்.

போதுமான அளவு சேர்ந்ததும், முதல் நாள் ராத்திரி வெளியே எடுத்து வைத்து, குளிர் போனதும் ஒரு ஸ்பூன் தயிர் விட்டுக் கலக்கி உறைய விடவேண்டும். காலையில் அதை ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்து, பிறகு மிக்ஸியில் ஐஸ் தண்ணீர் ஒரு டம்ளர் விட்டு, விட்டு விட்டுச் சுற்றவேண்டும். தொடர்ந்து ஓடவிட்டால் மிக்ஸியின் சூடே வெண்ணெயைக் கெடுத்துவிடும். சத்தம் மாறுவதைக் காதிலேயே கேட்கலாம். முதலில் கனமாக ஓடும். திரண்டதும் சளசளவென்று மோர்ச் சத்தம் வரும்.

இதற்குப் பிறகு மாமியார் செய்த ஒன்றை மருமகள் எந்த வீடியோவிலும் கவனித்ததில்லை. திரண்ட வெண்ணெயைக் கையில் அள்ளி, ஐஸ் தண்ணீரில் போட்டுப் பிசைந்தார். தண்ணீர் வெள்ளையாக மாறியது. கொட்டிவிட்டு மறுபடியும். மூன்றாவது தடவை தண்ணீர் தெளிவாக நின்றது. பிறகு ஓர் உருண்டையாக்கி, உள்ளங்கையில் தட்டித் தட்டி நீரை வெளியேற்றினார்.

“மோரு உள்ள நின்னா நாளைக்கே புளிச்ச வாடை அடிக்கும். தண்ணி நின்னா நீ ஊத்தற தேனு நிக்காது.”

கடை வெண்ணெயில் சட்டப்படி குறைந்தது 80 சதவீதம் கொழுப்பு இருக்கவேண்டும். ஈரம் 16 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. சரியாகப் பிழியாத வீட்டு வெண்ணெயில் இதைவிடக் கூடுதலாகத் தண்ணீர் நிற்கும். தேனிலும் ஐந்தில் ஒரு பங்குக்குக் கொஞ்சம் குறைவாகத் தண்ணீர்தான். இரண்டும் சேர்ந்தால் அடித்த வெண்ணெய் அரை மணியிலேயே வியர்க்க ஆரம்பிக்கும். இதற்கெல்லாம் நேரமில்லாதவர்கள் கடையில் உப்பில்லாத வெண்ணெய் வாங்கிக்கொள்ளலாம், அதில் ஒன்றும் குறைவில்லை. உப்பு போட்ட வெண்ணெய்தான் இருக்கிறது என்றால், குறிப்பில் உள்ள உப்பை விட்டுவிடுங்கள்.

அடுத்து, தேன்.

அந்த வீட்டில் இருந்தது மார்த்தாண்டத்திலிருந்து ஒரு நண்பர் கொண்டுவந்த பாட்டில். கன்னியாகுமரி மாவட்டத்து ரப்பர் தோட்டங்களில் பெட்டி வைத்து எடுத்த தேன். வருடத் தொடக்கத்தில் ரப்பர் மரம் துளிர்விடும்போது இலைக்காம்பில் சுரக்கும் இனிப்பு நீரைத் தேனீக்கள் எடுத்துவந்து சேர்ப்பவை அவை. பாட்டிலின் அடியில் பாதிக்கு மேல் வெள்ளையாக உறைந்து கிடந்தது. வீட்டுக்காரர் அதைப் பார்த்துவிட்டு, “சர்க்கரைப் பாகைத் தலையில கட்டிட்டாங்க” என்று தூக்கிப்போடவே தயாராக இருந்தார்.

தேன் உறைவது கலப்படத்துக்கு அடையாளம் இல்லை. தேனில் உள்ள குளுக்கோஸ் நாளாக நாளாகப் படிகமாவது இயல்பு. பூவைப் பொறுத்து சில தேன் சீக்கிரம் உறையும், சில தேன் வருடக்கணக்கில் அப்படியே இருக்கும். உறைவதை வேண்டுமென்றே செய்து விற்கவும் செய்கிறார்கள். ஏற்கெனவே மைய உறைந்த தேனைக் கொஞ்சம் விதையாகச் சேர்த்து, 14 டிகிரியில் வைத்தால் முழுத் தேனும் வெண்ணெய் போல வழுவழுவென்று உறையும். அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய எல்டன் டைஸ் 1935-ல் இந்த முறைக்குக் காப்புரிமை பெற்றார். ‘கிரீம்டு ஹனி’ என்று கடையில் பார்ப்பது அதுதான்.

அதே போல, தண்ணீரில் சொட்டு விட்டுப் பார்ப்பது, தீக்குச்சியில் தொட்டுக் கொளுத்திப் பார்ப்பது எல்லாம் தேன் கெட்டியா, நீர்த்ததா என்பதைச் சொல்லுமே தவிர, சுத்தமா என்பதைச் சொல்லாது. 2020 டிசம்பரில் டெல்லியைச் சேர்ந்த அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் 13 பிராண்டு தேன்களைப் பரிசோதித்தபோது, எல்லாச் சோதனைகளிலும் தேறியவை மூன்றுதான். வழக்கமான ஆய்வகச் சோதனைகளையே ஏமாற்றும் பாகுகள் சந்தையில் இருக்கும்போது, தீக்குச்சி எம்மாத்திரம்? தெரிந்த இடத்தில் வாங்குவதைத் தவிர வீட்டில் இருப்பவர்களுக்கு வேறு வழி குறைவு.

தேன் வெண்ணெய்க்குக் கெட்டியான தேன் வேண்டும். ஈரம் அதிகமுள்ள மலைத்தேன் மணமாக இருந்தாலும் இதற்குச் சரிவராது. மருந்துக்கோ தோசைக்கோ வைத்துக்கொள்ளலாம். உறைந்த தேனாக இருந்தால், கை பொறுக்கும் சூட்டில் உள்ள தண்ணீரில் பாட்டிலை நிறுத்தி இளக்கிவிட்டு, முழுக்க ஆறிய பிறகே சேர்க்கவேண்டும். சூடான தேனை ஊற்றினால் பழைய கதைதான்.

அளவு இதுதான்: வெண்ணெய் 200 கிராம், தேன் 3 டேபிள்ஸ்பூன் (சுமார் 60 கிராம்), உப்பு ஒரு சிட்டிகை. விருப்பப்பட்டால் கால் ஸ்பூன் பட்டைப்பொடி. ஏலக்காய் போடலாமா என்றால் போடலாம். ஆனால் தேனின் மணம் காணாமல் போய்விடும்.

ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த வெண்ணெயைச் சின்னத் துண்டுகளாக வெட்டி, காலை ஆறு மணி வாக்கில் வெளியே வையுங்கள். கோடையில் பத்துப் பதினைந்து நிமிடம் போதும். விரலால் அழுத்தினால் பள்ளம் விழவேண்டும். ஆனால் விரலில் எண்ணெய்ப் பளபளப்பு ஒட்டக் கூடாது. ஒட்டினால் நேரம் கடந்துவிட்டது என்று பொருள், ஐந்து நிமிடம் உள்ளே வைத்து எடுங்கள். பாத்திரத்தையும் பீட்டரின் கம்பிகளையும் முன்கூட்டியே ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டால் இன்னும் நல்லது.

முதலில் வெண்ணெயை மட்டும் மூன்று, நான்கு நிமிடம் அடிக்கவேண்டும். நிறம் ஒரு படி வெளுத்து, அளவு கூடியிருப்பது கண்ணுக்கே தெரியும். இப்போது உப்பு. பிறகு தேனை நூல் போல மெல்லிய தாரையாக விட்டுக்கொண்டே அடிக்கவேண்டும். மொத்தமாகக் கொட்டினால் கட்டிக்கொள்ளாது. இடையில் இளகுவது போலத் தெரிந்தால், பாத்திரத்தை ஐஸ் தண்ணீர் உள்ள பேசினில் ஒரு நிமிடம் வைத்துவிட்டுத் தொடருங்கள். பீட்டர் இல்லாத வீட்டில் கடையும் மத்தோ, மரக்கரண்டியோ போதும். பத்து நிமிடம் ஆகும், அவ்வளவுதான். இன்னும் இனிப்பு வேண்டும் என்று தேனைக் கூட்டிக்கொண்டே போனால் வெண்ணெய் தாங்காது. மூன்றில் ஒரு பங்கு என்பதே மேல் எல்லை என்று வைத்துக்கொள்ளலாம்.

ஊத்துக்குளி மாமியாருக்கு இந்த இடத்தில் ஒரு சந்தேகம் வந்தது. “ஏம்மிணி, தேனும் நெய்யும் சேந்தா வெசம்னு சொல்லுவாங்களே?”

ஆயுர்வேத நூல்களில் அப்படி ஒரு விலக்கு உண்டு. ஆனால் அது தேனையும் நெய்யையும் சம எடையில் சேர்ப்பதைப் பற்றியது. சேர்க்கவே கூடாது என்றால் பழனிப் பஞ்சாமிர்தத்தில் வாழைப்பழம், வெல்லத்தோடு நெய்யும் தேனும் எப்படி வரும்? இங்கே இருப்பது வெண்ணெய், அதுவும் மூன்று பங்குக்கு மேல். பழனி என்றதும் மாமியார் சமாதானமாகிவிட்டார்.

இரண்டாவது முயற்சி பலித்தது. ஆறரை மணிக்குக் கிண்ணத்தில் தந்த நிறத்தில், கரண்டியை நிறுத்தினால் நிற்கிற பதத்தில் தேன் வெண்ணெய். பேரன் எழுந்து வருவதற்குள் பாட்டி நுனிவிரலில் தொட்டுச் சுவைத்தார். முகம் மலர்ந்தது. இடுப்பில் எட்டு மாதப் பேத்தி. பாட்டி மறுபடி சுண்டுவிரலை வெண்ணெயில் தொட்டு, பேத்தியின் வாயருகே கொண்டுபோனார்.

“அத்தை, வேண்டாம்!”

குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. பாட்டியின் கை அப்படியே நின்றது. குழந்தை அழுதது.

“ஒரு சொட்டுக் கண்ணு. உன்ற வூட்டுக்காரனுக்குப் பொறந்த அன்னைக்கே என்ற மாமியாருதான் தேனைத் தொட்டுச் சேனை வெச்சாங்க. அவனுக்கு என்ன ஆயிப்போச்சு?”

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லத் தெரியாமல் எத்தனையோ வீடுகளில் மருமகள்கள் வாயை மூடிக்கொள்கிறார்கள். அல்லது, இப்படிக் குரலை உயர்த்திவிட்டு நாள் முழுக்கச் சங்கடப்படுகிறார்கள். பதில் இருக்கிறது. அதை நிதானமாகச் சொல்லத்தான் வேண்டும்.

தேனில் சில சமயம் ‘குளோஸ்ட்ரிடியம் பொட்டுலினம்’ என்ற கிருமியின் வித்துகள் இருக்கும். மண்ணிலும் தூசியிலும் இருப்பவை. தேனீ வழியாகத் தேனுக்குள் வந்துவிடும். பெரியவர்கள் சாப்பிட்டால் ஒன்றும் ஆவதில்லை. நம் குடலில் இருக்கும் மற்ற நுண்ணுயிர்கள் அந்த வித்துகளை முளைக்க விடாது. ஒரு வயது நிறையாத குழந்தையின் குடலில் அந்தக் காவல் இன்னும் முழுதாக அமைந்திருக்காது. வித்துகள் முளைத்து, அங்கேயே நஞ்சைச் சுரக்கும். அந்த நஞ்சு நரம்புகளைத் தாக்கித் தசைகளைத் தளர்த்திவிடும். குழந்தைகளுக்கு வரும் இந்த வகை நோய் 1976-ல் அமெரிக்காவில் முதன்முதலாக இனங்காணப்பட்டது. அதற்கு முன் இதற்கு ஒரு பெயரே கிடையாது.

அரிதான நோய்தான். தேன் தொட்டு வைத்த எல்லாக் குழந்தைக்கும் வருவதில்லை. பாட்டியின் மகனுக்கு ஒன்றும் ஆகாததும் அதனால்தான். ஆனால் வந்துவிட்டால் குழந்தை மூச்சுவிடவே சிரமப்படும் நிலை வரை போகலாம். மலச்சிக்கலில் தொடங்கும். பால் குடிக்கும் வேகம் குறையும், அழுகுரல் மெலியும், இமை தொங்கும், கழுத்து நிற்காமல் துவளும். தேன் பட்ட குழந்தையிடம் இவற்றில் எது தெரிந்தாலும் கைவைத்தியம் பார்க்காமல் ஆஸ்பத்திரிக்கு ஓடவேண்டும்.

காய்ச்சினால் போய்விடாதா என்றால், போகாது. கொதிக்கும் நீரின் சூட்டைத் தாங்கும் வித்துகள் அவை. நல்ல தேன், சுத்தத் தேன், மலைத்தேன் என்பதும் இதில் பாதுகாப்பு ஆகாது. துளசிச் சாற்றில் குழைத்துக் கொடுப்பது, மருந்தை உரைத்துத் தேனில் குழப்புவது, ரப்பர் நிப்பிளில் தேன் தடவுவது எல்லாமே ஒரு வயது வரை கூடாது. பால் கொடுக்கும் தாய் தேன் சாப்பிடலாம், தாய்ப்பால் வழியாக வித்துகள் குழந்தைக்குப் போகாது. முதல் பிறந்தநாள் கொண்டாடிய பிறகு குழந்தைக்கும் கொடுக்கலாம்.

மருமகள் இதையெல்லாம் அன்று காலையே சொல்லவில்லை. குழந்தையைத் தூங்கவைத்துவிட்டு, காபி போட்டுக் கொண்டுவந்து, பக்கத்தில் உட்கார்ந்து சொன்னார். குழந்தை மருத்துவரின் தடுப்பூசி அட்டையோடு தந்திருந்த தாளையும் எடுத்துக் காட்டினார். மாமியார் காபியை ஆற்றி ஆற்றிக் குடித்தார். வெகு நேரம் ஒன்றும் பேசவில்லை.

“நாங்கெல்லாம் தெரிஞ்சா வெச்சோம்?” என்றார் கடைசியில்.

“தெரியாதுதான் அத்தை. எனக்கே டாக்டர் சொல்லித்தான் தெரியும்.”

செய்துவைத்த தேன் வெண்ணெயைப் பேரன் இட்லியிலும் தடவித் தின்றான். அந்தக் காட்சியைப் பார்க்க நேர்ந்தால் அமெரிக்கர்கள் என்ன நினைப்பார்களோ! சுடச்சுடச் சப்பாத்தி, கேழ்வரகு அடை, அவித்த மக்காச்சோளம், வாட்டிய பிரெட் இவற்றுக்கெல்லாம் அருமையாகப் பொருந்தும். நேந்திரம்பழத்தை வட்டமாக நறுக்கி இதில் லேசாக வாட்டிப் பாருங்கள். தீ மட்டும் சிம்மில் இருக்கட்டும், தேன் சீக்கிரம் கருகும். 

கடை வெண்ணெயில் செய்ததை மூடிபோட்ட கண்ணாடிக் கிண்ணத்தில் வைத்தால் ஃப்ரிட்ஜில் இரண்டு வாரம் இருக்கும். வீட்டு வெண்ணெய் என்றால் நான்கைந்து நாளில் தீர்த்துவிடுவது நல்லது. ஈரக்கரண்டி ஆகாது. சாப்பிடுவதற்குப் பத்து நிமிடம் முன்னால் எடுத்தால் போதும், மீதியை உடனே உள்ளே வைத்துவிடவேண்டும். தேன் என்பதால் சர்க்கரை நோயாளிகள் தாராளமாகச் சாப்பிடலாம் என்று யாராவது சொன்னால் நம்பவேண்டாம். தேனில் ஏறக்குறைய 80 சதவீதம் சர்க்கரைதான். இரண்டு டீஸ்பூன் தேன் வெண்ணெயில் 60 கலோரிக்குக் குறையாது.

அடுத்த ஞாயிறு மாமியார் ஊருக்குக் கிளம்பும் நாள். கோவை ரயில் மத்தியானம்தான். விடிகாலை ஐந்து மணிக்கே சமையலறையில் விளக்கு எரிந்தது. பேரனுக்கு ஒரு கிண்ணம் செய்து வைத்துவிட்டுப் போகலாம் என்று அவரே பாலாடையை எடுத்துச் சிலுப்பி, மூன்று தண்ணீர் விட்டு அலசி, உருட்டித் தட்டி வைத்திருந்தார். மருமகள் கண்ணைக் கசக்கிக்கொண்டு வந்து பீட்டரை எடுத்தார். வெண்ணெய் வெளுத்து உப்பி வந்தது. உப்பை எடுத்து வைத்துவிட்டுத் தேன் பாட்டிலைத் திறந்தார்.

“இரு கண்ணு.”

மாமியார் ஒரு சின்னத் தட்டை எடுத்தார். உப்பும் தேனும் படாத வெண்ணெயிலிருந்து கொண்டைக்கடலை அளவு கிள்ளி அதில் வைத்து, இன்னொரு கிண்ணத்தால் மூடி, மேடையின் அந்தப் பக்கம் தள்ளிவைத்தார்.

“இது பாப்பாவுக்கு. இப்ப ஊத்து.”